குட்டிப் போலீஸ்

அண்ணி இரண்டு வாரம் என்று சொல்லித்தான் வந்தாள். இது நாலாவது மாதம்.

வந்தபோது அவளோடு ஒரு தையல் மிஷின், ஒரு இரும்புக் கட்டில், ஒரு பஞ்சு மெத்தை, ஏழு துணி மூட்டைகள் வந்தன. மூட்டைகளை மாடிக்கு ஏற்றுவதற்குள் தம்பிக்காரனுக்கு முதுகு விட்டுப்போனது. அவன் லிஃப்ட் மெக்கானிக். ஊரில் உள்ளவர்களையெல்லாம் பத்து மாடி ஏற்றி இறக்குகிறவனுக்குச் சொந்த அக்காவின் மூட்டையை ஒரு மாடி ஏற்ற முடியவில்லையே என்று அவனே சொல்லிச் சிரித்தான். புருஷனின் அக்காவை அண்ணி என்று கூப்பிடுகிற அவன் மனைவி சிரிக்கவில்லை. மூட்டைகளை எண்ணிக்கொண்டிருந்தாள். எண்ணுவது அவளுக்குத் தொழில்.

இருப்பதே இரண்டு அறையும் ஒரு சமையலறையும்தான். உள்ளறை அதுவரை அவளும் கணவனும் படுக்கிற அறை. வீட்டில் வெளிச்சம் வருகிற ஒரே ஜன்னல் அங்கேதான் இருந்தது. அதன் விளிம்பில் ஐந்து தொட்டிகளில் மிளகாய்ச் செடி வைத்திருந்தாள். வேலை விட்டு வந்ததும் அந்த ஜன்னலோரம் பத்து நிமிஷம் சும்மா உட்காருவாள். ஒரு நாளில் அவளுக்கென்று இருந்தது அந்தப் பத்து நிமிஷம்தான். அண்ணி வந்த அன்றைக்கே ஜன்னலடியில் கட்டிலும் கட்டிலை ஒட்டி மிஷினும் வந்து உட்கார்ந்தன. பத்து நிமிஷம் போன இடம் தெரியவில்லை. அவளும் கணவனும் ஆறு வயது மகளும் முன்னறையில் பாய் விரித்துப் படுத்தார்கள். மகளுக்கு வீட்டில் வாலு என்று பெயர்.

அண்ணியைக் கெட்டவள் என்று சொன்னால் நாக்கு அழுகிவிடும். புருஷன் போய் ஆறு வருஷம் ஆகிறது. குடியிருந்த வீட்டை இடித்துவிட்டார்கள். ஊசியும் நூலும் வைத்துக்கொண்டு யார் கையையும் எதிர்பார்க்காமல் பிழைக்கிறவள். இங்கே வந்த மூன்றாம் வாரமே அக்கம்பக்கத்தில் பன்னிரண்டு வீட்டுத் தையல் அவள் கைக்கு வந்துவிட்டது. ஆனால் சும்மா இருக்க மாட்டாள். அதுதான் அவளிடம் இருந்த ஒரே வியாதி. அடுப்புக்கு இடப்பக்கம் எட்டு வருஷமாக இருந்த உப்பு டப்பாவை, கைக்கு வாகாக இருக்கட்டும் என்று வலப்பக்கம் வைத்தாள். துடைப்பத்தை இடம் மாற்றினாள். வாயில் நாலு குண்டூசியைக் கவ்விக்கொண்டே பேசினாள். மிஷின் சத்தத்துக்கு மேலே கேட்கவேண்டுமே என்று கத்திப் பேசினாள். செடிகளையும் விட்டுவைக்கவில்லை. பூ உதிர்ந்து ஊரார் துணியில் கறை பட்டுவிடும் என்று காலையில் எழுந்ததும் ஒவ்வொரு பூவாகக் கிள்ளிப் போட்டாள். இலைகளைச் சோப்புத் தண்ணீரில் துணி நனைத்துத் துடைத்தும் விட்டாள். பூச்சி பொட்டு இல்லாமல் பளிச்சென்று இருக்கிறது பார் என்று பெருமையாகச் சொன்னாள்.

"ரொம்ப நல்லா இருக்கு அண்ணி" என்று இவள் சொன்னாள். பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னாள்.

அண்ணியின் கையில் முதல் தடிப்பு வந்தது மூன்றாம் மாதக் கடைசியில். முழங்கைக்குக் கீழே சிவப்பாக ஒரு புள்ளி. மறுநாள் நாலு. அப்புறம் வாலுவுக்கும் வந்தது. பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் அத்தை பக்கத்தில் உட்கார்ந்து வெட்டுத்துணியில் பொம்மைக்குச் சட்டை செய்வது அவள் வழக்கம். தூங்கும்போதும் கை சொறிந்துகொண்டே இருந்தது. நாலு பேரும் எதிரெதிரே உட்கார்ந்து சாப்பிடும்போது ஒருத்தர் சொறிந்தால் மற்றவர்களுக்கும் அரிக்கும். அந்த வீட்டில் யாராலும் ஓர் இடத்தில் நிம்மதியாக உட்கார முடியவில்லை.

"என்ன பூச்சிம்மா இது? உனக்குத்தான் தெரியுமே" என்று அண்ணி கையை நீட்டினாள்.

தெரியும்தான். வேலை பார்க்கிற பண்ணையில் இவளுக்குப் பூச்சிக்காரி என்றே பெயர். எந்தப் பூச்சியானாலும் கண்ணால் பார்த்து, எண்ணி, அதற்குப் பிறகுதான் இன்னது என்று வாயைத் திறப்பாள். அன்றைக்கு மட்டும் கையை ஒரு தடவை பார்த்தாள், மூலையில் கிடந்த ஏழு மூட்டைகளைப் பார்த்தாள், சொல்லிவிட்டாள்.

"மூட்டைப்பூச்சிதான். பழைய துணியில வரும், மெத்தையில வரும்."

அவ்வளவுதான். நிபுணர் சொல்லியாகிவிட்டது. கணவன் தலையாட்டினான். அண்ணியின் முகம் சுண்டிப்போனது. வாலு அந்தச் செய்தியைப் படியிறங்கி கீழே குடியிருந்த வீட்டுக்காரம்மாவிடம் கொண்டுபோய்ச் சேர்த்தாள். வீட்டுக்காரம்மா மூச்சு வாங்க மாடியேறி வந்து, அறைக்குள் காலெடுத்து வைக்காமல் வாசற்படியிலேயே நின்று பேசினாள்.

"ஞாயித்துக்கிழமை பதினோரு மணிக்கு மருந்துக்காரர் வர்றார். அதுக்குள்ள அந்தத் துணி, மெத்தை எல்லாம் வெளிய போயிடணும். கீழ என் வீட்டுக்கு ஒரு பூச்சி இறங்கினாலும் சரி, நீங்க எல்லாருமே காலி பண்ணிட வேண்டியதுதான்."

"பூச்சிதான்னு எப்படி…" என்று கணவன் இழுத்தான்.

"உன் பெண்டாட்டியே சொன்னாளாமே! அவளுக்குத் தெரியாத பூச்சியா?"

அன்று மாலை அண்ணி தானாகவே பேச்சை எடுத்தாள். பெரிய தம்பி வீட்டுக்குப் போய்விடுவதாகச் சொன்னாள். அந்த வீட்டில் அவளுக்கு என்ன மரியாதை என்பது எல்லாருக்கும் தெரியும். போன தடவை மூன்றாம் நாளே பையைத் தூக்கிக்கொண்டு திரும்பி வந்தவள். தம்பிக்காரன் வேண்டாம் என்றான். ஆனால் அவன் குரல் உறுதியாக இல்லை. பூச்சிக்காரி தட்டுகளை அடுக்கிக்கொண்டே, ஜன்னலோரத்தில் நாற்காலியை எந்தப் பக்கம் போடலாம் என்று நினைத்துப் பார்த்தாள்.

இதெல்லாம் நடந்தது செவ்வாய்க்கிழமை.

புதன்கிழமை பண்ணையில் ஒரே அமளி. அது கண்ணாடிக் கூரை போட்ட பசுமைக்குடில்களில் குடைமிளகாய் விளைவிக்கிற பண்ணை. பூச்சிமருந்து அடிப்பதில்லை என்று பெட்டியில் அச்சடித்தே விற்பார்கள். மருந்துக்குப் பதில் பூச்சிகளை விட்டுப் பூச்சிகளைத் தின்னவைப்பார்கள். பூவுக்குள் ஒளிந்து சாற்றை உறிஞ்சிக் காயைச் சொத்தையாக்குவது இலைப்பேன். அந்த இலைப்பேனைத் தேடிப் பிடித்து, மூக்கால் குத்திக் குடிப்பது இன்னொரு பூச்சி. எள்ளைவிடச் சின்னது, கறுப்பு, முதுகில் வெள்ளைத் திட்டு. அதற்குப் பண்ணையில் வைத்த பெயர் குட்டிப் போலீஸ். உமியில் கலந்து புட்டியில் வரும். ஒரு புட்டிக்கு ஐந்நூறு பூச்சி. அவற்றைச் செடிகள் மேல் தூவுவதும், வெள்ளைத் தட்டை நீட்டிப் பூவைத் தட்டி, விழுகிற இலைப்பேன் எத்தனை, போலீஸ் எத்தனை என்று எண்ணி எழுதுவதும் பூச்சிக்காரியின் வேலை.

அன்று மூன்றாவது குடிலில் காய்த்து ஓய்ந்த செடிகளையெல்லாம் பிடுங்கினார்கள். பிடுங்கினால் குடியிருந்த போலீஸ்களுக்கு வீடு போய்விடும். அவை கண்டபடி பறந்து, வேர்த்த கையிலும் கழுத்திலும் வந்து உட்கார்ந்து சுருக்கென்று குத்தும். அந்த உடம்புக்கு அந்தக் கடி ரொம்பவே அதிகம். விஷமும் இல்லை, நோயும் இல்லை, ஆனால் ஊசி குத்தினதுபோல் ஆளைத் துள்ளவைத்துவிடும். சிலருக்குத் தடிக்கும். பெட்டி அடுக்குகிற அக்கா கையைத் தூக்கிக்கொண்டு சண்டைக்கு வந்தாள்.

"இங்க பாரு! உன் போலீஸ் என்னைக் கைது பண்ணிடுச்சு. பட்டப்பகல்ல கடிக்குது. நாங்க காய் பறிக்க வந்தோமா, இதுங்களுக்குச் சாப்பாடா வந்தோமா?"

இந்தச் சண்டை பூச்சிக்காரிக்குப் பழக்கம். பதிலும் மனப்பாடம்.

"அக்கா, அது உங்களைக் கடிக்கல. செடியா மனுஷனான்னு ருசி பாத்துச்சு. பூ இருந்தா அது பாட்டுக்குப் பூவுக்குள்ள கெடக்கும். பூவைப் பறிச்சுட்டு, இலையில இருந்த பேனையும் இல்லாமப் பண்ணிட்டா, பாவம் அது எங்க போகும்? பக்கத்துல எந்தக் கை இருக்கோ அங்கதான் போகும்."

சொல்லி முடித்ததும் நீட்டிய கையையே பார்த்துக்கொண்டு நின்றாள். முழங்கைக்குக் கீழே தனித்தனியாகச் சிவப்புப் புள்ளிகள். மூட்டைப்பூச்சி இருட்டில் வந்து வரிசையாகக் கடிக்கும். அண்ணிக்கு இருந்தது வரிசை இல்லை. அண்ணிக்குக் கடித்தது ராத்திரியும் இல்லை. மத்தியானம் ஜன்னலடியில் மிஷினில் உட்கார்ந்திருக்கும்போது. வாலுவுக்குக் கடித்தது சாயங்காலம், அத்தை பக்கத்தில் இருக்கும்போது.

"என்ன, பேய் அடிச்ச மாதிரி நிக்கிற?" என்றாள் பெட்டிக்கார அக்கா.

உமி. அதுதான் அவளுக்கு நினைவு வந்தது. தூவி முடித்த புட்டியை மூடியைத் திறந்து செடியடியில் ஒரு வாரம் போட்டுவைக்கவேண்டும், உமிக்குள் தங்கிவிட்டவை மெல்ல மெல்ல வெளியே வரும் என்பது பண்ணை விதி. புதிதாக வேலைக்கு வருகிறவர்களுக்கு அந்த விதியைச் சொல்லிக்கொடுப்பதே இவள்தான். ஆனால் தொட்டி மண் காயாமல் இருக்க அந்த உமி நன்றாக இருக்கிறது என்று வாரம் ஒரு புட்டியை அன்றன்றைக்கே பையில் போட்டு வீட்டுக்குக் கொண்டுபோவாள். இருமுறை தட்டிப் பார்ப்பாள். எதுவும் ஓடவில்லை என்றால் காலி என்று அர்த்தம். ஐந்து மாதமாக அப்படித்தான் நடக்கிறது. செடியில் பூ இருந்தவரை உமிக்குள்ளிருந்து வந்தவை பூவிலேயே குடும்பம் நடத்தியிருக்கின்றன. பூவைக் கிள்ளி இலையைத் துடைத்த பிறகு அவற்றுக்கு மிஞ்சியது அண்ணியின் கைதான்.

அன்று பேருந்தில் உட்கார இடம் கிடைத்தும் அவள் நின்றுகொண்டே வந்தாள். இருப்புக்கொள்ளவில்லை. வீட்டில் நல்லவேளையாக யாரும் இல்லை. அண்ணி வாலுவைக் கூட்டிக்கொண்டு நூல் வாங்கப் போயிருந்தாள். சமையலறையிலிருந்து வெள்ளைச் சாப்பாட்டுத் தட்டை எடுத்து வந்து, முதல் தொட்டிச் செடியின் கீழே நீட்டி, தண்டை இரண்டு தட்டு தட்டினாள்.

பதினேழு விழுந்தன. பண்ணையில் ஒரு தட்டுக்கு மூன்று விழுந்தால் மேலாளர் சந்தோஷத்தில் எல்லாருக்கும் டீ சொல்வார். இங்கே பதினேழு. வெள்ளைத் தட்டில் இந்த விளிம்புக்கும் அந்த விளிம்புக்குமாக ஓடின. சந்தேகத்துக்கு இடமே இல்லை. அண்ணியின் துணியில் ஒன்றும் இல்லை, மெத்தையில் ஒன்றும் இல்லை. பூச்சியை வீட்டுக்குள் கொண்டுவந்தது அவள். ஐந்து மாதமாக, வாரம் தவறாமல், பையில் போட்டுப் பத்திரமாகக் கொண்டுவந்திருக்கிறாள்.

படியில் செருப்புச் சத்தம் கேட்டது. தட்டைத் தொட்டியிலேயே கவிழ்த்துவிட்டு ஓடிப்போய்க் கழுவினாள்.

"வந்துட்டியா? முகமெல்லாம் ஏன் வேர்த்திருக்கு?" என்று அண்ணி கேட்டாள். அப்போதே சொல்லியிருக்கலாம். நாலு வார்த்தை. 'அண்ணி, அது என் பூச்சி.' நாக்கு நுனி வரைக்கும் வந்ததை விழுங்கிவிட்டு, "பஸ்ல கூட்டம்" என்றாள்.

ஏன் விழுங்கினாள் என்பதை மூடி மறைப்பதில் பிரயோசனமில்லை. அந்த அறை அவளுக்கு வேண்டும். அந்த ஜன்னல் வேண்டும், அந்தப் பத்து நிமிஷம் வேண்டும். அண்ணியைப் போகச் சொல்ல அவளுக்கு வாயும் இல்லை, நியாயமும் இல்லை. இப்போது யாரும் சொல்லாமலே அண்ணி போகிறாள். ஞாயிறு வரைக்கும் வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும். நாலே நாள்.

வியாழக்கிழமை விடிந்ததும் ஐந்து தொட்டிகளையும் ஒவ்வொன்றாக மொட்டைமாடிக்குத் தூக்கிப் போனாள். மருந்தடித்தால் செடி செத்துவிடும் என்று காரணம் சொன்னாள். "ஆமாமா, பாவம்" என்று அண்ணி ஒரு தொட்டியைத் தானும் தூக்கிக்கொண்டு பின்னாலேயே படியேறி வந்தாள். வேண்டாம் வேண்டாம் என்றாலும் கேட்கவில்லை. மேலே போய், தொட்டியை வெயில் அதிகம் படாத மூலையாகப் பார்த்து வைத்தாள்.

வெள்ளிக்கிழமை அண்ணி மூட்டைகளையெல்லாம் பெரிய பிளாஸ்டிக் பைகளில் திணித்து வாயைக் கட்டினாள். தம்பியும் அவளும் மெத்தையைச் சுருட்டித் தெருமுனைக் குப்பையில் போட்டுவிட்டு வந்தார்கள். அவள் புருஷனோடு குடித்தனம் வைத்த நாளில் வாங்கிய மெத்தை. போட்டுவிட்டு வந்தவள் கையைக் கழுவிக்கொண்டு மிஷினில் உட்கார்ந்துவிட்டாள். சாயங்காலம் பூச்சிக்காரி வந்ததும் கையை நீட்டிக் காட்டினாள்.

"பாரேன், இன்னைக்கு ஒரு கடி கூட இல்ல. மூட்டையைக் கட்டினதும் நின்னுடுச்சு. அப்போ என் துணிதான். நீ அன்னைக்கே சரியாச் சொன்ன. நான்தான் மனசுக்குள்ள இவ சும்மா சொல்றாளோன்னு நெனச்சேன். மன்னிச்சுக்கோம்மா."

பூச்சிக்காரி "அதெல்லாம் ஒண்ணுமில்ல அண்ணி" என்று சமையலறைக்குள் போனாள். உப்பைத் தேடி இடப்பக்கம் கை போனது. டப்பா வலப்பக்கம் இருந்தது. அதற்காகவாவது கோபப்படலாம் என்று பார்த்தாள். கோபம் வரவில்லை. எடுத்த வேலையைப் பாதியில் விட்டுவிட்டு முன்னறைக்கு வந்தாள், மறுபடி உள்ளே போனாள், கதவைத் திறந்து மொட்டைமாடிப் படியைப் பார்த்தாள். கணவன் அவளையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"ஏன் இப்படிக் கால்ல சக்கரம் கட்டின மாதிரி அலையற?"

"அரிக்குது" என்றாள்.

அவளை ஒரு பூச்சியும் கடித்திருக்கவில்லை.

சனிக்கிழமை நடந்ததை அவள் எதிர்பார்க்கவே இல்லை. அண்ணி காலையில் தலை வாரி, நல்ல புடவை கட்டி, தைத்ததும் தைக்காததுமாக ஊரார் துணிகளைத் தனித்தனியே கட்டி எடுத்துக்கொண்டு கிளம்பினாள். திரும்பி வரப் பொழுது சாய்ந்துவிட்டது. பன்னிரண்டு வீட்டுப் படி ஏறி இறங்கியிருக்கிறாள்.

"எல்லாருக்கும் திருப்பிக் குடுத்துட்டேன்" என்றாள், காலைப் பிடித்துவிட்டுக்கொண்டே. "வெந்நீர்ல ஊறவெச்சு அலசிட்டுக் கட்டுங்க, என் மூட்டையில பூச்சி இருந்துச்சுன்னு சொல்லிட்டேன்."

"அதை எதுக்கு அண்ணி சொன்னீங்க?" என்றாள் பூச்சிக்காரி. "சும்மா ஊருக்குப் போறேன்னு சொல்லியிருக்கலாமே!"

"அதெப்படி? அவங்க வீட்லயும் சின்னப் பிள்ளைங்க இருக்கு. தெரிஞ்சுக்கிட்டே சொல்லாம இருந்தா தூக்கம் வருமா?" என்றாள் அண்ணி. பிறகு சிரித்தாள். "மூணாவது வீட்டு அம்மா துணியைக் கையால தொடவே இல்ல. குச்சியால தள்ளி வாளியில போட்டாங்க. என்னையும் தள்ளியிருப்பாங்க, வாளி பத்தாதுன்னு விட்டுட்டாங்க."

அவள் சிரிப்பு பாதியில் நின்றுவிட்டது. அப்புறம் அண்ணி அன்றைக்கு முழுவதும் பேசவில்லை. எவ்வளவோ நாள் அந்த வாய் ஓயாதா என்று ஏங்கியிருக்கிறாள் பூச்சிக்காரி. ஓய்ந்தபோது வீட்டுக்குள் நிற்கவே முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை பத்தரைக்கு வேன் வருவதாக ஏற்பாடு. ஒன்பது மணிக்கு அண்ணியின் ஃபோன் அடித்தது. பெரிய தம்பியின் மனைவி பேசினாள். இந்தப் பக்கம் அண்ணி "சரி" என்றாள், "சரிம்மா" என்றாள், கடைசியாக "அதுவும் வேண்டாம்னா சரி" என்றாள். ஃபோனை வைத்துவிட்டு, மெத்தை இல்லாத கட்டிலின் இரும்புப் பட்டையில் உட்கார்ந்தாள்.

"மிஷினைக் கொண்டு வரக்கூடாதாம்" என்றாள். "துணி, நூல் எதுவும் வேண்டாமாம். பூச்சி பயம் அவங்களுக்கு. நியாயம்தானே. மிஷின் இங்கயே இருக்கட்டும்மா. பாவாடை ஓரம் அடிக்கவாவது உனக்கு ஆகும். எண்ணெய் மட்டும் மாசம் ஒரு தடவை விடு."

"மிஷின் இல்லாம அங்க என்னக்கா பண்ணுவ?" என்றான் தம்பி.

"சும்மா இருக்கப் பழகிக்கறேன்" என்றாள் அண்ணி. பிறகு பூச்சிக்காரி பக்கம் திரும்பினாள். "செடியையெல்லாம் மறுபடி கீழ கொண்டு வந்து வெச்சிடு. ஜன்னல் மொட்டையா இருக்கு. நான் பூவைக் கிள்ளினப்போ எல்லாம் உன் முகம் போன போக்கைப் பார்த்தேன். தெரிஞ்சுதான் கிள்ளினேன். ஊரார் துணியாச்சே, கறை பட்டா என்ன பண்றது? மனசுல வெச்சுக்காத."

பூச்சிக்காரி எழுந்து படியேறிப் போனாள். ஒரு தொட்டியை இடுப்பில் வைத்துக்கொண்டு இறங்கி வந்தாள். மூன்று நாளாகக் கிள்ள ஆளில்லாமல் செடியில் வெள்ளை வெள்ளையாகப் பூ விட்டிருந்தது. வெள்ளைத் தட்டைக் கொண்டுவந்து மிஷின் மேல் வைத்தாள். பூவைத் தட்டினாள். ஒன்பது விழுந்தன. அண்ணியும் கணவனும் வாலுவும் குனிந்து பார்த்தார்கள். அவள் தன் கையைத் தட்டில் வைத்தாள். ஒன்று தயங்கித் தயங்கி மணிக்கட்டில் ஏறி, நின்று, சுருக்கென்று குத்தியது. அவள் கையை எடுக்கவில்லை.

"இதுதான்" என்றாள். "மூட்டைப்பூச்சி இல்ல. பண்ணைப் பூச்சி. உமியில கொண்டு வந்தது நான். உங்க துணியில ஒண்ணுமே இல்ல அண்ணி. மெத்தையிலயும் இல்ல."

அண்ணி தட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எப்போ தெரியும்?"

"புதன்கிழமை."

அண்ணி விரலை மடக்கினாள். "வெள்ளிக்கிழமை மெத்தையைத் தூக்கிப் போட்டோம்."

"ஆமா."

"நேத்து பன்னிரண்டு வீடு ஏறி இறங்கினேன்."

"ஆமா."

"நீயெல்லாம் ஒரு மனுஷியா?" என்று கணவன் கத்தினான். வாலு பயந்துபோய் அத்தையின் முந்தானையைப் பிடித்துக்கொண்டாள்.

"நீ சும்மா இருடா" என்றாள் அண்ணி. அவள் கண் பூச்சிக்காரியை விட்டு நகரவில்லை. "நான் போகணும்னு இருந்துச்சா உனக்கு?"

பொய் சொல்ல இனி அவளிடம் தெம்பில்லை. "இருந்துச்சு."

"வாயைத் திறந்து சொல்லியிருந்தா போயிருப்பேனே. தம்பி வீடுதானே, நாலு மாசம் இருந்துட்டேன், கெளம்பறேன்னு கௌரவமாப் போயிருப்பேன். பூச்சிக்காரின்னு பேர் வாங்கிட்டுப் போக வெச்சுட்டியே!"

பண்ணையில் எத்தனை பேர் எத்தனை தடவை கூப்பிட்ட பெயர் அது. அன்றைக்குத்தான் அது அவளுக்குச் சுட்டது. அழுகை பீறிட்டு வந்தது. அழுதுகொண்டே, மன்னிப்பு என்றுகூடச் சொல்லத் தோன்றாமல், மனதில் இருந்ததையெல்லாம் கொட்டினாள். ஜன்னலைச் சொன்னாள், பத்து நிமிஷத்தைச் சொன்னாள், துடைப்பத்தைச் சொன்னாள், உப்பு டப்பாவைக்கூடச் சொன்னாள். சொல்லச் சொல்ல எல்லாம் எவ்வளவு அற்பம் என்று அவளுக்கே தெரிந்தது.

"உப்பு டப்பாவா?" என்றாள் அண்ணி. நம்பமுடியாதவளாக இன்னொரு தடவை கேட்டாள். "உப்பு டப்பாவா!"

கீழே வேன்காரர் ஹாரன் அடித்தார். அண்ணி எழுந்து ஜன்னலுக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்தாள்.

"அவரை நிக்கச் சொல்லுடா" என்று தம்பியிடம் சொன்னாள். இவளிடம் திரும்பினாள். "பன்னிரண்டு வீடு. என் துணியில பூச்சின்னு நான் போய்ச் சொன்னேன் இல்ல? இப்போ நீ போய்ச் சொல்லு. எல்லா வீட்டுக்கும். நான் கூட வரமாட்டேன். திரும்பி வா, அப்புறம் நான் போறதா இருக்கறதான்னு பாக்கலாம்."

பூச்சிக்காரி முகத்தைக்கூடக் கழுவவில்லை. ஒரு இடுப்பில் தொட்டி, மறு கையில் தட்டு. முதலில் கீழ்வீட்டுக் கதவைத் தட்டினாள். மருந்துக்காரர் சீக்கிரமே வந்து, முதுகில் டப்பாவோடு அங்கே உட்கார்ந்து தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார். வீட்டுக்காரம்மாவின் கண் முன்னால் பூவைத் தட்டிக் காட்டினாள்.

"அவங்க கொண்டு வரல. நான் கொண்டு வந்தேன்" என்றாள்.

"ஐயையோ, இதைத் தூக்கிட்டு என் வீட்டுக்குள்ளயே வந்துட்டியே!" என்று அலறினாள் வீட்டுக்காரம்மா. மருந்துக்காரர் அடிக்கட்டுமா என்று ஆவலாகக் குழாயைத் தூக்கினார்.

பன்னிரண்டு வீட்டுக்கும் போனாள். ஒரு வீட்டில் பாதி கேட்கும்போதே கதவைச் சாத்தினார்கள். ஒரு வீட்டில் அவளை உட்காரவைத்து, தங்கள் ரோஜாச் செடிக்கு என்ன போடலாம் என்று கேட்டார்கள். வாளியில் துணியைத் தள்ளிய அம்மா, "பாவம், அந்தப் பொம்பளை நேத்து இங்க நின்னப்போ கண்ணு கலங்கியிருந்துச்சு, நீ இதைப் புதன்கிழமையே சொல்லியிருக்கக்கூடாதா?" என்று கேட்டாள். அந்தக் கேள்விக்கு ஒவ்வொரு வாசலிலும் அவள் ஒரே பதிலைத்தான் சொன்னாள். சொல்லியிருக்கணும், சொல்லல. ஐந்து வீடுகளில் மறுபடி தைக்கச் சொல்லித் துணியைத் திருப்பிக் கொடுத்தார்கள்.

திரும்பி வரும்போது மணி இரண்டு. வாசலில் வேன் இல்லை. எத்தனை நேரம்தான் ஒருத்தர் காத்திருப்பார் என்று நினைத்துக்கொண்டே, தொட்டியையும் தட்டையும் ஐந்து வீட்டுத் துணியையும் சுமந்துகொண்டு படியேறினாள். பாதிப் படியில் மிஷின் சத்தம் கேட்டது. நாலு மாதமாகக் காதைப் பொத்திக்கொண்டு கேட்ட சத்தம். மீதிப் படிகளை ஓட்டமாக ஏறினாள்.

அண்ணி நிமிர்ந்து பார்க்கவில்லை. வாயில் குண்டூசி இருந்தது. மிஷினையும் கட்டிலையும் ஜன்னலடியிலிருந்து எதிர்ச் சுவரோரம் நகர்த்திப் போட்டிருந்தாள். ஜன்னலடியில் முன்னறை நாற்காலி கிடந்தது.

"எத்தனை?" என்றாள்.

"அஞ்சு அண்ணி."

"மீதி ஏழு?"

"அடுத்த ஞாயித்துக்கிழமையும் போறேன்."

"போ" என்றாள் அண்ணி. ஊசிகளை ஒவ்வொன்றாக வாயிலிருந்து எடுத்துத் துணியில் குத்தினாள். அவள் குரலில் இன்னும் கோபம் இருந்தது. அது போக நாளாகும் என்று பூச்சிக்காரிக்குத் தெரிந்தது. "இன்னும் யாரும் சாப்பிடல. போய் ஏதாவது பண்ணு. நான் அங்க எதையும் தொடல."

அவள் சமையலறைக்குள் போனாள். அடுப்பைப் பற்றவைத்து, தண்ணீர் வைத்து, இந்தத் தடவை ஞாபகமாக வலப்பக்கம் கையை நீட்டினாள். அங்கே ஒன்றும் இல்லை. உப்பு டப்பா இடப்பக்கம், எட்டு வருஷமாக இருந்த இடத்திலேயே இருந்தது.